ஊர் உலகம் ஒரே புத்தகத்தில்: தகவல் நூல்களைப் பார்ப்பது எப்படி?



"அம்மா, இந்தியாவுல மொத்தம் எத்தனை மாநிலம்?" என்று பிள்ளை கேட்கிறது. "பேங்க் பேப்பர்ல பிணையம்னு போட்டிருக்கே, அப்படின்னா என்னங்க?" என்று குழுவில் ஒருவர் கேட்கிறார். "பொண்ணுக்குப் பூர்வீக நிலத்துல பங்கு உண்டா இல்லையா?" என்று இன்னொருவர். இப்படி வாரம் ஒரு கேள்வியாவது நம்ம குழுக்களில் வந்துகொண்டுதான் இருக்கிறது. யாரைக் கேட்பது? வாத்தியாரை, வி.ஏ.ஓ.வை, கூட்டமைப்பு ஊக்குநரை, இல்லையென்றால் களப்பணிக்கு வருகிற எங்களை. நாங்களும் எல்லாம் தெரிந்தவர்கள் இல்லை. எங்கள் அலுவலக மேசையில் நாலைந்து தடித்த புத்தகங்கள் இருக்கின்றன. அதைப் புரட்டிப் பார்த்துத்தான் பல நேரம் பதில் சொல்கிறோம். அந்தப் புத்தகங்களை நீங்களே புரட்டலாமே என்பதற்காகத்தான் இந்தக் கட்டுரை.

இவற்றைத் தகவல் நூல் அல்லது குறிப்புதவி நூல் என்பார்கள். கதைப் புத்தகம் போல முதல் பக்கத்திலிருந்து கடைசி வரை படிக்கிற புத்தகம் இல்லை இது. அஞ்சறைப் பெட்டி மாதிரி. கடுகு வேண்டுமென்றால் கடுகு இருக்கிற கிண்ணத்தில் மட்டும் கை வைப்போம் இல்லையா, அதுபோல வேண்டிய இடத்தை மட்டும் திறந்து பார்த்துவிட்டு மூடிவிடலாம். அதனால் "அவ்வளவு பெரிய புத்தகமா, எனக்குப் படிக்க வராதுங்க" என்று பயப்பட வேண்டியதில்லை. அறிவொளி இயக்கத்தில் எழுத்துக் கூட்டிப் படித்தவர்களால்கூட இதைப் பார்க்க முடியும். பார்த்திருக்கிறார்கள்.

இதில் வகைகள் உண்டு. சொல்லுக்குப் பொருள் சொல்வது அகராதி. ஊர், ஆள், செடி, நோய், நாடு என்று விஷயத்தையே விளக்குவது கலைக்களஞ்சியம். அந்தந்த வருடத்துச் செய்திகளைத் தொகுத்துத் தருவது ஆண்டு நூல், கடையில் 'இயர்புக்' என்று கேட்டால் கொடுப்பார்கள். இது தவிர சட்டம், வைத்தியம், விவசாயம் என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனிக் கையேடு.

இந்த மாதிரிப் புத்தகங்களை யார் போட்டார்கள் என்று பார்த்தால் சுவாரசியமாக இருக்கும். இங்கிலாந்தில் 1897-இல் ஒரு சோப்புக் கம்பெனி போட்டது. நாம் கடையில் பார்க்கிற அதே பியர்ஸ் சோப்புதான். ஒரு ஷில்லிங் விலையில் அகராதி, உலக விவரம், பொது அறிவு எல்லாவற்றையும் ஒரே புத்தகத்தில் அடக்கி விற்றார்கள். சோப்புக்கு விளம்பரமாகத் தொடங்கியது, சாதாரணக் குடும்பங்களில் பைபிளுக்குப் பக்கத்தில் வைக்கிற புத்தகமாகிவிட்டது. ஏறக்குறைய 120 வருடம் தொடர்ந்து வந்து, 2017-இல் கடைசிப் பதிப்போடு நின்றது. கின்னஸ் சாதனைப் புத்தகம் தெரியும் அல்லவா? அது பீர் கம்பெனி போட்டது! அந்தக் கம்பெனியின் நிர்வாகி 1951-இல் அயர்லாந்தில் வேட்டைக்குப் போன இடத்தில், எந்தப் பறவை அதிக வேகம் என்று ஒரு வாக்குவாதம். எந்தப் புத்தகத்திலும் பதில் இல்லை. குடிக்கிற இடத்தில் நடக்கிற இந்த மாதிரி வாக்குவாதத்தைத் தீர்க்க ஒரு புத்தகம் போட்டால் என்ன என்று யோசித்து, 1955-இல் வெளியிட்டார்கள். குடியை எதிர்த்துக் கொடி பிடித்த நம்ம சகோதரிகள் இதைக் கேட்டால் சிரிப்பார்கள்.

பிரான்ஸ் நாட்டில் 'பெத்தி லரூஸ்' என்று ஒரு புத்தகம். 1905-இல் முதலில் வந்தது, இன்றைக்கும் வருடா வருடம் புதுப்பதிப்பு வருகிறது. முன்பாதி சொற்கள், பின்பாதி ஆட்களும் ஊர்களும். அதன் அடையாளப் படம் ஒரு பெண். கையில் பூப்போல் உதிர்கிற விதைக் கொத்தை வைத்துக்கொண்டு வாயால் ஊதுகிறாள், விதைகள் காற்றில் பறக்கின்றன. நமக்கு எருக்கம் பஞ்சு பறப்பது ஞாபகம் வரும்.

தமிழுக்கு ஒரு பெரிய கதை இருக்கிறது. சென்னையில் பச்சையப்பன் பள்ளியில் தமிழாசிரியராக இருந்தவர் ஆ. சிங்காரவேலு முதலியார். புராணத்தில் வருகிற பெயர்கள், அரசர்கள், புலவர்கள், ஊர்கள், சாத்திரங்கள் என்று தனி ஒரு ஆளாகப் பல வருடம் சேர்த்துச் சேர்த்து எழுதினார். கம்ப்யூட்டர் கிடையாது, உதவிக்கு ஆபீஸ் கிடையாது. எழுதி முடித்தாலும் அச்சுப் போடப் பணம் இல்லை. கடைசியில் மதுரைத் தமிழ்ச் சங்கத்தை 1901-இல் தோற்றுவித்த பாண்டித்துரைத் தேவர் கைகொடுத்தார். 1910-இல் 'அபிதான சிந்தாமணி' என்ற பெயரில் வெளிவந்தது. ஆயிரம் பக்கத்துக்கு மேல். ஆசிரியர் அதோடு நிறுத்தவில்லை, மேலும் மேலும் சேர்த்துக்கொண்டே இருந்தார். அவர் மறைந்த பிறகு 1934-இல் இன்னும் பெரிதாக இரண்டாம் பதிப்பு வந்தது. இன்றும் மறுபதிப்பு கிடைக்கிறது. கூத்து, புராணம், கோயில் கதை பற்றித் தெரிய வேண்டுமென்றால் இதைவிடப் பெரிய சுரங்கம் இல்லை.

ஆனால் ஒன்றை மறக்கக் கூடாது. நூறு வருடத்துக்கு முந்தைய புத்தகம் அது. ஜாதியைப் பற்றியும் பெண்களைப் பற்றியும் அந்தக் காலத்தார் நம்பியதெல்லாம் அதில் இருக்கிறது. பழங்காலத்தவர் என்ன நினைத்தார்கள் என்று தெரிந்துகொள்ள அதைப் பார்க்கலாம். இன்றைக்கு எது சரி என்று தீர்ப்புச் சொல்ல அதை எடுக்கக் கூடாது.

நாடு விடுதலை பெற்ற பிறகு தமிழ் வளர்ச்சிக் கழகம், பெரியசாமித் தூரன் அவர்களை முதன்மை ஆசிரியராகக் கொண்டு, 'கலைக்களஞ்சியம்' பத்துத் தொகுதிகளை 1954 முதல் 1968 வரை வெளியிட்டது. சிறுவர்களுக்கும் தனியாகப் பத்துத் தொகுதி போட்டார்கள். இவை ஒரே புத்தகம் இல்லை, வீட்டில் வைக்க இடமும் இருக்காது. பெரிய நூலகங்களில் பார்க்கலாம், தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் இணைய தளத்திலும் இலவசமாகவே படிக்கலாம். அன்றாடத் தேவைக்கு ஒரே ஒரு புத்தகம் சொல்லுங்கள் என்றால் நாங்கள் 'க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி'யைச் சொல்வோம். 1992-இல் முதலில் வந்தது. 2008-லும் 2020-லும் திருத்திய பதிப்புகள். இன்றைக்கு எழுத்திலும் பேச்சிலும் புழங்குகிற சொற்களுக்குத் தமிழிலும் ஆங்கிலத்திலும் பொருள் கொடுத்து, கூடவே அந்தச் சொல்லை வைத்து ஒரு வாக்கியமும் கொடுத்திருப்பார்கள். அந்த வாக்கியம்தான் முக்கியம். பொருள் புரியாவிட்டாலும் வாக்கியத்தைப் படித்தால் "ஓ, இதுவா" என்று தெரிந்துவிடும்.

எப்படித் தேடுவது?

அகர வரிசை தெரிந்தால் போதும். அ, ஆ, இ, ஈ முடிந்து ஔ, ஃ. பிறகு க, ங, ச, ஞ என்று ன வரைக்கும். ஒவ்வொரு எழுத்துக்குள்ளும் க, கா, கி, கீ வரிசை. 'கடன்' முன்னால் வரும், 'கூட்டமைப்பு' பின்னால் வரும். இதுவரை எல்லோருக்கும் சரியாக வந்துவிடும். நம்ம சகோதரிகள் தடுமாறுகிற இடம் புள்ளி எழுத்துதான். தமிழ் அகராதிகளில் பொதுவாகப் புள்ளி வைத்த எழுத்து முதலில், புள்ளி இல்லாதது அப்புறம். அதனால் 'பட்டா' முன்னால் வந்துவிடும், 'படம்' அதற்குப் பின்னால்தான். இது தெரியாமல் 'பட்டா'வைத் தேடி 'படு', 'படை' என்று தாண்டிப் போய்விட்டு, "இந்தப் புத்தகத்துல இல்லீங்க" என்று மூடி வைத்தவர்கள் உண்டு.

இன்னொரு சிக்கல் வடமொழி எழுத்துகள். ஜாமீன், ஜப்தி, ஹாஜர் எல்லாம் கோர்ட், பேங்க் பேப்பரில் வருகிற சொற்கள். ஜ, ஸ, ஹ போன்ற எழுத்துகளில் தொடங்கும் சொற்கள் புத்தகத்தின் கடைசியில், 'ன' வரிசையும் முடிந்த பிறகு இருக்கும். அங்கே இல்லையென்றால் 'ச' வரிசையிலும் ஒரு தடவை பாருங்கள். ஜப்தியைச் சப்தி என்று எழுதுகிறவர்களும் இருக்கிறார்கள்.

ஒவ்வொரு பக்கத்தின் மேல் ஓரத்திலும் தடித்த எழுத்தில் ஒரு சொல் அல்லது இரண்டு சொல் போட்டிருப்பார்கள். அந்தப் பக்கத்தில் எது முதல் எது வரை இருக்கிறது என்று அது காட்டும். பஸ்ஸின் நெற்றியில் ஊர்ப் பெயர் மாதிரி. நடுவில் படித்துக்கொண்டு நிற்காமல், அந்த மேல் ஓரத்தை மட்டும் பார்த்துக்கொண்டே புரட்டினால் அரை நிமிடத்தில் இடம் வந்துவிடும். 'காண்க' என்று போட்டிருந்தால் விவரம் அங்கே இல்லை, சொல்லியிருக்கிற வேறு தலைப்பில் இருக்கிறது என்று அர்த்தம். வைத்தியம், சட்டம் போன்ற கையேடுகளில் அகர வரிசை இருக்காது. பின்பக்கத்தில் இருக்கிற பொருளடைவைப் பார்க்க வேண்டும். டேவிட் வெர்னர் என்பவர் மெக்சிகோ நாட்டு மலைக்கிராமங்களில் வேலை செய்து, டாக்டர் இல்லாத ஊர்களுக்காக எழுதிய மருத்துவக் கையேடு 1970-களில் ஸ்பானிஷிலும் ஆங்கிலத்திலும் வந்து, உலகம் முழுக்கப் பல மொழிகளுக்குப் போயிருக்கிறது. அதில் மருந்து விவரத்துக்குப் பச்சைத் தாள், பொருளடைவுக்கு மஞ்சள் தாள். எழுத்து அதிகம் தெரியாதவர்களும் நிறத்தைப் பார்த்துத் திறக்கலாம். இப்படி யோசித்துப் போட்ட புத்தகங்கள்தான் நமக்கு வேண்டும். ஒரு எச்சரிக்கை: எந்தக் கையேடாக இருந்தாலும், பழைய பதிப்பைப் பார்த்து மருந்தும் அளவும் முடிவு செய்யாதீர்கள். கிராம சுகாதார செவிலியரைக் கேளுங்கள்.

முதலில் வருடத்தைப் பாருங்கள்

இதைத்தான் நாங்கள் எந்தக் கூட்டத்திலும் விடாமல் சொல்கிறோம். புத்தகத்தைத் திறந்ததும், தலைப்புப் பக்கத்தின் பின்பக்கம் பாருங்கள். முதற்பதிப்பு எந்த வருடம், இந்தப் பதிப்பு எந்த வருடம் என்று இருக்கும். மருந்துப் பட்டையில் காலாவதித் தேதி பார்க்கிற மாதிரிதான். 2018-இல் அச்சான பொது அறிவுப் புத்தகத்தில் தமிழ்நாட்டுக்கு 32 மாவட்டம் என்று இருக்கும். இன்றைக்கு 38. 2013 புத்தகத்தில் தெலங்கானா மாநிலமே இருக்காது, அது 2014-இல் பிறந்தது. உள்ளாட்சியில் பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு இட ஒதுக்கீடு என்று பழைய புத்தகங்கள் சொல்லும். தமிழ்நாட்டில் 2016-இல் அது 50 சதவீதம் என்று சட்டம் திருத்தப்பட்டுவிட்டது. பிள்ளை பரீட்சையில் ஒரு மார்க் குறைந்தால் போகட்டும். ஆனால் சில விஷயங்களில் வருடம் பார்க்காவிட்டால் வாழ்க்கையே மாறிவிடும்.

எங்கள் பகுதியில் ஒரு குழு உறுப்பினர். கல்யாணமாகி முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது. அப்பா விட்டுப் போன பூர்வீக நிலம் இன்னும் பாகம் பிரிக்கப்படவில்லை. "எனக்கும் பங்கு உண்டா?" என்று தம்பியிடம் கேட்டிருக்கிறார். தம்பி கெட்டவர் இல்லை. ஒரு சட்டக் கையேட்டைக் கொண்டு வந்து காட்டினார்: "1989 மார்ச் 25-க்கு முன்னாடி கல்யாணம் ஆன பொண்ணுக்குப் பூர்வீகச் சொத்துல பங்கு கிடையாதுன்னு அச்சிலேயே இருக்குக்கா, நீயே படி." அக்காவும் எழுத்துக் கூட்டிப் படித்தார். அப்படித்தான் இருந்தது. அழுதுகொண்டே குழுக் கூட்டத்துக்கு வந்தார்.

புத்தகத்தை வாங்கிப் பார்த்தோம். பொய் இல்லை. ஆனால் அச்சான வருடம் 1990-களில். தமிழ்நாடு அரசு 1989-இல் கொண்டுவந்த திருத்தத்தில் அப்படித்தான் இருந்தது: மகளுக்கும் மகனைப் போலப் பிறப்பிலேயே பங்கு, ஆனால் அந்தத் தேதிக்கு முன்பே திருமணம் ஆகிப் போனவர்களுக்கு இல்லை. அதற்குப் பிறகு மத்திய அரசு இந்து வாரிசுரிமைச் சட்டத்தையே திருத்தியது. 2005 செப்டம்பர் 9 முதல், கல்யாணம் ஆனாலும் ஆகாவிட்டாலும், எப்போது ஆகியிருந்தாலும், மகளுக்கு மகனுக்குச் சமமான பங்கு. 2004 டிசம்பர் 20-க்கு முன்பே முறைப்படி பத்திரம் பதிந்தோ கோர்ட் மூலமோ பாகம் பிரித்து முடித்திருந்தால் அதைத் திருப்பிக் கேட்க முடியாது, அவ்வளவுதான். "2005-இல் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டுமா?" என்று ஒரு குழப்பம் பல வருடம் இருந்தது. அதையும் 2020 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், இருந்திருக்க வேண்டிய அவசியம் இல்லை என்று தீர்த்துவிட்டது. இது இந்துக் குடும்பங்களுக்கான சட்டம். முஸ்லிம், கிறிஸ்தவச் சகோதரிகளுக்கு வேறு சட்டம்.

பாருங்கள், ஒரு புத்தகத்தின் பின்பக்கத்தில் இருந்த நாலு எண்ணைப் பார்க்காததால் ஒரு பெண்ணின் நிலம் போகப் பார்த்தது. அந்த அக்கா இப்போது மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுத்திருக்கிறார். பெண்களுக்கு அங்கே வருமானம் பார்க்காமல் இலவசமாக வக்கீல் கொடுப்பார்கள், 1987-ஆம் வருடச் சட்டத்திலேயே இருக்கிறது. தம்பியோடு சமரசப் பேச்சு நடந்துகொண்டிருக்கிறது. சட்ட விஷயத்தில் புத்தகம் வழி காட்டும், ஆனால் முடிவு எடுக்கும் முன் அங்கே போய் ஒரு தடவை கேட்டுவிடுங்கள்.

"அதான் போன்ல எல்லாம் வருதே?" என்று இளவயதுப் பெண்கள் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. தமிழ் விக்கிப்பீடியா 2003-இலிருந்து இருக்கிறது, யாரும் இலவசமாகப் பார்க்கலாம். பெரிய பெரிய கலைக்களஞ்சியங்களே அச்சை நிறுத்திவிட்டன. பிரிட்டானிக்கா 2012-இல் இனி அச்சுப் பதிப்பு இல்லை என்று அறிவித்தது. போனில் சீக்கிரம் கிடைக்கும், புதிதாகவும் இருக்கும். ஆனால் நம்ம வீடுகளில் போன் யார் கையில் இருக்கிறது? வீட்டுக்காரர் கையில், இல்லாவிட்டால் மகன் கையில். சொத்து விஷயத்தை மகன் போனில் எப்படித் தேடுவது? அதுவும் வாட்ஸ்அப்பில் வருவதை எழுதினது யார், எந்த வருடம் எழுதினது என்றே தெரிவதில்லை. புத்தகத்தில் ஆசிரியர் பெயர் இருக்கிறது, பதிப்பகம் இருக்கிறது, வருடம் இருக்கிறது. பத்துப் பேர் சுற்றி உட்கார்ந்து ஒரே பக்கத்தைப் பார்க்கலாம். போனில் பார்த்தாலும் இதே பழக்கம் வேண்டும்: யார் போட்டது, எப்போது போட்டது.

வாங்க வேண்டுமா?

இங்கே கொஞ்சம் கண்டிப்பாகவே சொல்கிறோம். தவணை முறையில் ஆங்கிலக் கலைக்களஞ்சியம் 'செட்' விற்க ஆள் வந்தால், உள்கடன் எடுத்து வாங்காதீர்கள். பளபளவென்று தாள், யானைப் படம், ராக்கெட் படம். "பிள்ளை ஐ.ஏ.எஸ். ஆகும்" என்பார்கள். தமிழ் வழியில் படிக்கிற பிள்ளைக்கு அந்த ஆங்கிலம் புரியாது. நாங்கள் போன ஒரு வீட்டில், பிளாஸ்டிக் உறைகூடப் பிரிக்காமல் பரணில் கிடந்தது. கடன் மட்டும் பதினாறு மாதம் அடைத்தார்கள். தாய்க்கு ஆசை இருக்கத்தான் செய்யும், அதைக் குற்றம் சொல்லவில்லை. அந்த ஆசையைக் காசாக்குகிறவர்களைத்தான் சொல்கிறோம். வாங்கத்தான் வேண்டும் என்றால் கூட்டமைப்பாகச் சேர்ந்து, ஒரு நல்ல அகராதியும் அந்த வருடத்து இயர்புக் ஒன்றும் வாங்கி, கூட்டம் நடக்கிற இடத்தில் வையுங்கள். ஆண்டு நூலை வருடம் தவறாமல் மாற்ற வேண்டியதில்லை, இரண்டு மூன்று வருடத்துக்கு ஒரு தடவை மாற்றினால் போதும்.

அதற்கு முன்னால் நூலகத்தைப் பாருங்கள். நீங்கள் கட்டுகிற வீட்டு வரியில் ரூபாய்க்கு 10 பைசா நூலக வரி சேர்ந்திருக்கிறது, ரசீதை எடுத்துப் பாருங்கள். 1948-இல் வந்த பொது நூலகச் சட்டத்தின்படி வாங்குகிற வரி அது. நாம் பணம் கொடுத்துவிட்டோம். அப்புறம் உள்ளே போகக் கூச்சம் எதற்கு? கிளை நூலகம், ஊர்ப்புற நூலகம் எதுவானாலும், "அகராதி எங்கேங்க இருக்கு, குறிப்புதவி நூல் எங்கேங்க இருக்கு?" என்று நூலகரைக் கேளுங்கள். இந்த வகைப் புத்தகத்தை வீட்டுக்குத் தர மாட்டார்கள், அங்கேயே உட்கார்ந்து பார்க்க வேண்டும். அதற்கு உறுப்பினர் சந்தாவும் தேவையில்லை. ஒரு நோட்டும் பேனாவும் எடுத்துப் போனால் எழுதிக்கொண்டு வந்துவிடலாம்.

2006-க்குப் பிறகு அண்ணா மறுமலர்ச்சித் திட்டத்தில் பஞ்சாயத்துகளில் கட்டிய நூலகங்கள் சில ஊர்களில் நன்றாக நடக்கின்றன, சில ஊர்களில் பூட்டு துருப்பிடித்துக் கிடக்கிறது. உங்கள் ஊரில் பூட்டியிருந்தால், குழுத் தீர்மானம் போட்டு, அக்டோபர் 2 அல்லது ஜனவரி 26 கிராம சபையில் மனுவாகக் கொடுங்கள். திறக்கிற நேரம் பெண்கள் வேலை முடிந்து வரத் தோதாக, சாயங்காலம் வேண்டும் என்பதையும் சேர்த்தே எழுதுங்கள். கிளை நூலகத்தில் அகராதி பழசாக இருந்தால் மனு மாவட்ட நூலக அலுவலருக்குப் போக வேண்டும், பஞ்சாயத்துக்கு இல்லை. மனுவில் புத்தகத்தின் பெயரையும் எந்த வருடப் பதிப்பு வேண்டும் என்பதையும் குறிப்பிடுங்கள்.

அடுத்த மாதக் கூட்டங்களுக்கு வரும்போது எங்கள் ஒருங்கிணைப்பாளர்கள் ஒரு அகராதி கொண்டு வருவார்கள். ஒவ்வொரு குழுவும் பேங்க் பாரத்திலோ பத்திரத்திலோ புரியாத ஐந்து சொற்களை முன்னாடியே மினிட்ஸ் நோட்டில் எழுதி வையுங்கள். தேடுவது நீங்கள்தான், நாங்கள் பக்கத்தில் உட்கார்ந்திருப்போம்.